கவனித்து எடுப்பதும் கூடி எடுப்பதும்: கடலூர் துறைமுகத்தில் ஆவணப்படம் எடுக்க நினைப்பவருக்கு

கடலூரில் விஸ்காம் (காட்சித் தொடர்பியல்) படிக்கும் ஒருவர் கேட்டிருக்கிறார். முதுநகர் மீன்பிடித் துறைமுகத்தில் ஏலம் எடுத்து, கருவாடு போட்டு விற்கும் பெண்களைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க அவருக்கு ஆசை. பின்னணிக் குரல் வேண்டாம், பேட்டியும் வேண்டாம், நடப்பதை அப்படியே கவனித்து எடுக்க வேண்டும் என்கிறார். அதே நேரத்தில் அது அந்தப் பெண்களோடு சேர்ந்து செய்த படமாகவும் இருக்க வேண்டும். 'கவனிப்பதென்றால் தலையிடக் கூடாது, சேர்ந்து செய்வதென்றால் தலையிட்டே ஆக வேண்டும், இரண்டும் ஒத்துவராது' என்று அவருடைய ஆசிரியர் சொல்லிவிட்டாராம். எது சரி என்பது கேள்வி.

ஒத்துவரும். கடலூர் போன்ற ஊரில் ஒன்றை விட்டுவிட்டு இன்னொன்றைச் செய்யவே முடியாது என்பது என் கருத்து.

நீங்கள் போகப்போகும் கரைக்குக் கேமரா புதிதில்லை. 2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு தேவனாம்பட்டினம், சோனாங்குப்பம், சிங்காரத்தோப்பு, தாழங்குடா என்று எல்லாக் குப்பங்களுக்கும் கேமராக்கள் வந்தன. 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் நடுவே கரையைக் கடந்தபோது மறுபடி வந்தன. 2015 வெள்ளத்துக்கும் வந்தன. எடுத்துக்கொண்டு போனார்கள். எடுத்தது என்ன ஆனது என்று அந்த மக்களில் பெரும்பாலோருக்குத் தெரியாது. இப்படிப்பட்ட இடத்தில் புதிதாக ஒருவர் கேமராவோடு ஓரமாக நின்றால், ஒன்று அவரைப் பார்த்ததும் கஷ்டத்தைச் சொல்ல ஆரம்பிப்பார்கள், இல்லை முதுகைக் காட்டிவிட்டு வேலையைப் பார்ப்பார்கள். நீங்கள் தேடுகிற இயல்பு இரண்டிலும் இருக்காது. இந்தப் படம் எதற்கு, எங்கே போகும், அதில் தனக்கு என்ன பேச்சு உண்டு என்பது தெரிந்த பிறகுதான் ஒருத்தி உங்களை மறந்துவிட்டுக் கூடையைத் தூக்குவாள்.

உங்கள் ஆசிரியர் சொல்வதற்குப் பின்னால் ஒரு வரலாறு இருக்கிறது, அதையும் மதிக்க வேண்டும். 1960-ஐ ஒட்டித்தான் தோளில் தூக்கும் கேமராவும், அதோடு ஒத்திசைந்து ஒலியைப் பதியும் சிறிய டேப் ரெக்கார்டரும் கைக்கு வந்தன. அமெரிக்காவில் ஆவணப்படக்காரர் ராபர்ட் ட்ரூவின் குழு அதை எடுத்துக்கொண்டு வெளியே இறங்கியது. கேள்வி கேட்காதே, விளக்குப் போடாதே, திரும்பச் செய்யச் சொல்லாதே என்பது அவர்களுடைய கட்டுப்பாடு. 1967 முதல் இன்னொரு அமெரிக்க ஆவணப்படக்காரர் ஃபிரெடரிக் வைஸ்மேன் மருத்துவமனை, பள்ளிக்கூடம், நீதிமன்றம் என்று ஒவ்வொரு நிறுவனமாகப் போய், பின்னணிக் குரலோ பேட்டியோ இல்லாத நீண்ட படங்களை எடுத்தார். ஆனால் அவர் ஒளிந்து நின்று எடுக்கவில்லை. ஒலிப்பதிவை அவரே செய்தார்; எல்லார் கண்ணெதிரிலும் மைக்கை நீட்டிக்கொண்டுதான் நின்றார். படத்தொகுப்பையும் அவரே செய்தார், அதில் இருப்பது தன் பார்வைதான் என்று வெளிப்படையாகச் சொன்னார். தலையிடாமை என்பது படம்பிடிக்கும் அந்தச் சில மணி நேரத்துக்கான ஒழுக்கம். அதற்கு முன்னாலும் பின்னாலும் யாரோடு என்ன பேசலாம் என்பதை அந்த ஒழுக்கம் தடுப்பதில்லை.

தமிழில் பார்க்க வேண்டுமானால் ஆர்.பி. அமுதன் 2003-ல் மதுரையில் எடுத்த 'பீ' படத்தைத் தேடிப் பாருங்கள். ஒரு துப்புரவுத் தொழிலாளி பெண்ணின் வேலையைக் கூடவே நடந்து எடுத்திருப்பார். மூக்கைப் பொத்திக்கொள்ள நமக்கு இடமே தராமல் அந்த வேலை எவ்வளவு நேரம் எடுக்குமோ அதை உணர வைக்கும் படம். அந்த நெருக்கம் லென்ஸால் வந்ததில்லை என்பது பார்க்கும்போதே தெரியும்.

சேர்ந்து செய்வது என்பது கவனித்து எடுப்பதைவிட மூத்தது. ராபர்ட் ஃப்ளாஹெர்ட்டி கனடாவின் வடக்கே ஹட்சன் விரிகுடாப் பக்கம் பனிப்பிரதேசத்துப் பழங்குடிகளான இனுயிட் மக்களை எடுத்து 1922-ல் வெளியிட்ட படத்துக்கு, ஃபிலிமை அங்கேயே கழுவி, அவர்களுக்கே போட்டுக் காட்டி, அடுத்து என்ன எடுக்கலாம் என்று கேட்டுத்தான் வேலை செய்தார். ஆனால் அதே படத்தில், துப்பாக்கி வைத்திருந்தவர்களைப் பழைய ஈட்டியோடு வேட்டையாட வைத்தார். உள்ளே வெளிச்சம் வேண்டும் என்பதற்காகப் பாதி மட்டும் கட்டிய பனிவீட்டில் குடும்பத்தைப் படுக்க வைத்தார். அவர்களும் உடன்பட்டார்கள். சேர்ந்து செய்தோம் என்பதாலேயே படம் உண்மையாகிவிடாது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது. உங்கள் படத்திலும் இந்த ஆபத்து வரும். 'அந்தக் காலத்துல தலச்சுமையாவே நெல்லிக்குப்பம் வரைக்கும் நடப்போம், அத எடு தம்பி' என்று யாராவது ஆர்வமாகச் சொல்வார். இன்றைக்கு ஷேர் ஆட்டோவில் போகிறவரை நடக்கவைத்து எடுக்காதீர்கள். ஆட்டோவில் கூடை ஏற்ற ஓட்டுநரோடு நடக்கும் வாக்குவாதம்தான் உங்கள் காட்சி. பழைய கதையை அவர் பக்கத்தில் இருக்கிறவளிடம் சொல்வது தானாக நடந்தால் அதை எடுத்துக்கொள்ளுங்கள்.

எனக்கு மிகவும் பிடித்த பாடம் மேற்கு ஆப்பிரிக்காவின் நைஜர் நதியிலிருந்து வந்தது. பிரெஞ்சு ஆவணப்படக்காரர் ழான் ரூஷ் 1950-களின் தொடக்கத்தில் அங்கே சோர்க்கோ மீனவர்கள் நீர்யானை வேட்டையாடுவதைப் படமெடுத்தார். சில ஆண்டு கழித்து அந்த ஊருக்கே திரையைக் கொண்டுபோய்க் கட்டிப் போட்டுக் காட்டினார். வேட்டைக் காட்சிக்கு அவர்களுடைய வேட்டைப் பாட்டையே பின்னணியில் சேர்த்திருந்தார், அழகாகத்தான் இருந்திருக்கும். பார்த்தவர்கள் ஒத்துக்கொள்ளவில்லை. வேட்டையின்போது சத்தமே கூடாது, இந்த இசையைக் கேட்டால் நீர்யானை ஓடிப்போய்விடும் என்றார்கள். ரூஷ் இசையை எடுத்துவிட்டார். அந்தத் திருத்தத்தின் தரத்தைப் பாருங்கள்! எங்களை நல்லபடியாகக் காட்டு என்று அவர்கள் கேட்கவில்லை, வேலை தப்பாக இருக்கிறது என்றார்கள். தொழில் தெரிந்தவர்கள் பார்த்தால் படம் இன்னும் கறாராக, இன்னும் கவனிக்கும் படமாக மாறும். உங்கள் ஆசிரியர் முரண் என்று நினைக்கும் இடம் இப்படித்தான் அவிழ்கிறது.

இதை நானே கண்ணால் பார்த்திருக்கிறேன். புதுச்சேரி வைத்திக்குப்பத்தில் எடுத்த ஓர் ஏலக் காட்சியை அங்கே உள்ள பெண்களுக்கு மடிக்கணினியில் போட்டேன். வெளியாள் பார்த்தால் அது ஒரே கூச்சல், யார் சத்தமாகக் கேட்கிறாரோ அவருக்குத்தான் மீன் போகிறது என்று தோன்றும். பார்த்துக்கொண்டிருந்த ஒரு அம்மா ஓரத்தில் வாய் திறக்காமல் நிற்கும் ஒருத்தியைக் காட்டி, 'கத்துறவங்கள உடு தம்பி, மீன் இவளுதுதான். ஏலக்காரரப் பாத்துத் தலைய ஆட்டிட்டா பாரு' என்றார். இரண்டு முறை பின்னால் ஓட்டிப் பார்த்தோம். ஆமாம், ஒரு சின்னத் தலையசைப்பு. அதற்குப் பிறகு அந்தக் காட்சியில் எங்கே வெட்ட வேண்டும், எவ்வளவு நேரம் காத்திருக்க வேண்டும் என்பதெல்லாம் வேறாகிவிட்டது.

ஆகவே என்னைப் பொறுத்தவரை சேர்ந்து செய்வதன் உயிர், எடுத்ததைத் திரும்பக் கொண்டுபோய்க் காட்டுவதில் இருக்கிறது. அதுவும் படம் உருவம் பிடித்து இறுகுவதற்கு முன்னால். கையெழுத்து வாங்குவது, டைட்டிலில் பெயர் போடுவது, படம் முடிந்ததும் ஊரில் ஒரு திரையிடல் வைப்பது எல்லாம் நல்லதுதான், ஆனால் அவை மரியாதை. மாற்ற முடியாத நிலையில் காட்டினால் கைதட்டுவார்கள் அல்லது வருத்தப்படுவார்கள், வேறு எதுவும் செய்ய முடியாது.

காட்டுவதற்கும் ஒரு வரிசை உண்டு. முதலில் அந்தப் பெண்ணுக்கு மட்டும், தனியாக. அப்புறம் அவர் வீட்டாரோடு. கடைசியாகத்தான் கூட்டத்தில். நேராகக் கூட்டத்தில் போட்டால், தனக்குப் பிடிக்காத ஒன்றை எடுத்துவிடச் சொல்ல அவருக்கு வாய் வராது. சொன்னால் எல்லாரும் அதையே பேசுவார்கள் என்று பயம். இரண்டாவது, ஒரே காட்சியை இரண்டு தடவை வேறு வேறு நாளில் காட்டுங்கள். முதல் தடவை எல்லாரும் தன் முடியையும் புடவையையும்தான் பார்ப்பார்கள். வேலையைப் பார்ப்பது இரண்டாம் தடவைதான். அப்போதுதான் 'நெத்திலிக்கு யாரு உப்புப் போட்டா, அது சும்மா காயறது' என்றோ, 'மீனக் கீறி ஊறவெச்சத காட்டிட்டு நேரா களத்துக்குப் போயிட்டியே, நடுவுல கழுவுறது எங்க' என்றோ பேச்சு வரும். நேரம் மதியம், சந்தையிலிருந்து திரும்பிச் சாப்பிட்ட பிறகு. சாயங்காலம் வேண்டாம், அடுப்பு வேலை இருக்கும். அனுமதி கேட்டு அந்தப் பேச்சையும் ஒலிப்பதிவு செய்துகொள்ளுங்கள். சில சமயம் படத்தின் குரலே அங்கிருந்து கிடைக்கும், அப்போது பேட்டி இல்லையே என்ற கவலையும் போய்விடும்.

இன்னொரு மீன்பிடி ஊரின் கதையையும் சொல்ல வேண்டும், ஏனென்றால் உங்கள் ஊருக்கு அது நேராகப் பொருந்துகிறது. 1967-ல் கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம் கோலின் லோ என்பவரை நியூஃபவுண்ட்லாந்து கரைக்கு அப்பால் இருக்கும் ஃபோகோ தீவுக்கு அனுப்பியது. மீன்பிடிப்பு நலிந்து, மக்களை இடம்பெயர்த்துவிடலாம் என்று அரசு யோசித்துக்கொண்டிருந்த காலம். தீவில் ஊர்கள் சிதறிக் கிடந்தன. லோ முதலில் பிரச்சினை வாரியாகப் படம் எடுத்து, ஆளாளுக்குச் சொல்வதை மாற்றி மாற்றி வெட்டிச் சேர்க்கலாம் என்றுதான் வழக்கப்படி யோசித்திருக்க வேண்டும். ஆனால் ஒருவர் பேச்சை இன்னொருவர் பேச்சுக்கு எதிராக வெட்டிவைத்தால், ஊருக்குள் ஒருவரைத் தோற்றவராக்கிவிடும். அதனால் ஒரு ஆள், ஒரு நிகழ்ச்சி என்று தனித்தனியாக 20-க்கும் மேற்பட்ட சிறு படங்கள் செய்தார். பேசியவரிடம் காட்டிச் சம்மதம் வாங்கிய பிறகே மற்ற ஊர்களில் போட்டார். அந்தப் படங்கள் அரசுக்கும் காட்டப்பட்டன, மீன்வள அமைச்சர் சொன்ன பதிலும் படமாகித் தீவுக்குத் திரும்பி வந்தது. தீவுக்காரர்கள் கூட்டுறவுச் சங்கம் அமைத்து அங்கேயே தங்கினார்கள். எல்லாம் படத்தால் நடந்தது என்று சொல்ல மாட்டேன். ஆனால் நேருக்கு நேர் பேச முடியாதவர்கள் திரை வழியாகப் பேசிக்கொண்டார்கள்.

இதைக் கடலூரில் வைத்துப் பாருங்கள். மீன் கூட்டத்தையே வளைத்து அடியில் சுருக்கிப் பிடிக்கும் சுருக்குமடி வலை விவகாரத்தில் குப்பத்துக்குக் குப்பம் நிலைப்பாடு மாறும். 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் 12 கடல் மைலுக்கு அப்பால், வாரத்தில் இரண்டு நாள் என்ற நிபந்தனைகளோடு இடைக்கால அனுமதி தந்த பிறகும் உரசல் தீரவில்லை. நீங்கள் எடுப்பது பெண்களின் கருவாட்டு வேலையைத்தான். ஆனால் ஷாட்டின் பின்னணியில் எந்த வலை கிடக்கிறது, எந்தப் படகிலிருந்து எவ்வளவு பொடி மீன் இறங்குகிறது என்பது தெரிந்துவிட்டால் அது ஒருவர் கையில் சாட்சியாகிவிடும். உங்களுக்குத் தெரியாது, அவர்களுக்குத் தெரியும். அதற்காகவும் திரும்பக் காட்ட வேண்டும். தேவனாம்பட்டினத்து அக்கா ஒருவர் பேசுவதையும் சோனாங்குப்பத்து அக்கா ஒருவர் பேசுவதையும் எதிரெதிராக வெட்டினால் விறுவிறுப்பாக இருக்கும் என்று கை துறுதுறுக்கும். லோ செய்தது போல ஒவ்வொருவருக்கும் முழுசாக அவரவர் நேரத்தைக் கொடுங்கள்.

கடன் விஷயமும் இப்படித்தான். ஏலத்துக்குக் கையில் காசு வேண்டும். அது மகளிர் குழுவிலிருந்தும் வரும், வட்டிக்காரரிடமிருந்தும் வரும். உடையில் குத்திக்கொள்ளும் சின்ன லேப்பல் மைக் மாட்டியிருப்பது சிறிது நேரத்தில் மறந்துபோய், பக்கத்தில் இருப்பவளிடம் இதையெல்லாம் பேசிவிடுவார்கள். நான் சொல்வது: மைக்கை மாட்டும்போதே அதன் சுவிட்சை எப்படி அணைப்பது என்று அவருக்குக் கற்றுக்கொடுங்கள், அது அவர் இடுப்பிலேயே இருக்கட்டும். அணைத்துவிடுவார்கள் என்று பயப்படாதீர்கள். அணைக்கத் தெரிந்தவர்தான் தைரியமாக விட்டுவைப்பார்.

சம்மதம் என்பது ஒரே கையெழுத்தில் முடிவதில்லை. ஊரில் காட்டுவதற்கு ஒரு சம்மதம், கல்லூரியிலும் விழாக்களிலும் காட்டுவதற்கு இன்னொன்று, யூடியூபில் போடுவதற்கு மூன்றாவது. மூன்றையும் தனித்தனியாகக் கேளுங்கள். விழாவில் முந்நூறு பேர் பார்ப்பது வேறு, வட்டிக்காரர் தன் போனில் பார்ப்பது வேறு. உத்தரப்பிரதேசத்தின் 'கபர் லஹரியா' பத்திரிகைப் பெண்களைப் பற்றிய ஆவணப்படம் 2022-ல் ஆஸ்கர் பரிந்துரை வரை போனபோது, படம் உருக்கமானதுதான், ஆனால் ஒரே கட்சியைப் பற்றியே எழுதுகிறவர்கள் போல எங்களைக் காட்டுவது சரியில்லை என்று அந்த நிறுவனமே அறிக்கை விட்டது. பல ஆண்டுகள் உள்ளே இருந்து, நம்பிக்கையோடு எடுத்த படத்துக்கே இது நடந்தது. கூடவே இருந்தோம் என்பது போதாது, கடைசி உருவத்தைப் பற்றிப் பேசியிருக்க வேண்டும்.

'இந்தக் காட்சியை எடுத்துவிடு' என்று அவர் சொல்கிறார், உங்களுக்கோ அதுதான் படத்தின் உயிர். அப்போது என்ன செய்வது? என் பதில் கறாரானது. அவருக்கோ அவர் வீட்டுக்கோ தொழிலுக்கோ கெடுதல் வரும் என்றால் முடிவு அவருடையது, காரணம்கூடக் கேட்க வேண்டாம். படத்தின் நீளம், வரிசை, தொடக்கம், முடிவு பற்றியது என்றால் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு நீங்கள் முடிவெடுங்கள். இந்த எல்லையை முதலிலேயே எளிய தமிழில் ஒரு தாளில் எழுதி, படித்துக் காட்டி, குரலாகவும் பதிந்துவையுங்கள். எல்லாவற்றையும் எல்லாரும் சேர்ந்து முடிவு செய்வோம் என்று வாக்குக் கொடுத்துவிட்டு எடிட்டிங் அறையில் தனியாக உட்கார்வது நேர்மையில்லை. முடிவெடுக்காதவருக்கு இணை இயக்குநர் என்று பெயர் போடுவதும் அப்படித்தான்.

பணம்: பேசுவதற்குக் காசு கூடாது. உங்களால் ஒரு நாள் வியாபாரம் கெட்டால் அதற்கு ஈடு கொடுக்க வேண்டும், எல்லாருக்கும் ஒரே அளவு, முன்பே சொல்லிவிட்டு. பரிசுத் தொகை வந்தால் எப்படிப் பிரிப்பது என்பதும் அந்தத் தாளிலேயே இருக்கட்டும்.

கேமராவைப் பற்றிக் கொஞ்சம். ஜூம் லென்ஸை வீட்டில் வைத்துவிட்டு வாருங்கள். 35 மி.மீ. அல்லது அதைவிட அகலமான ஒரே லென்ஸ் போதும். கையை நீட்டி 'வேண்டாம்' என்று அவர் சொல்லிவிடக்கூடிய தூரத்தில் நில்லுங்கள். தூரத்திலிருந்து இழுத்து எடுப்பது அந்த உரிமையைப் பறிக்கிறது. ஒரு வேலை தொடங்கினால் முடியும்வரை வெட்டாமல் எடுங்கள். மீனைக் கழுவித் தட்டில் பரப்பி நிமிரும் வரைக்கும். கடற்காற்றில் விண்ட்ஷீல்ட் (காற்றிரைச்சலைத் தடுக்கும் உறை) போடாத மைக் எதற்கும் உதவாது. துறைமுகத்தில் படமெடுக்க மீன்வளத் துறையிடம் எழுத்து அனுமதியும், குப்பத்துக்குள் நுழைய ஊர்ப் பஞ்சாயத்தாரிடம் பேச்சும், இரண்டும் வேண்டும். பஞ்சாயத்தில் பெரும்பாலும் ஆண்கள்தான் இருப்பார்கள். அவர்கள் சரி என்றது பெண்கள் சரி என்றதாகாது.

காலக்கணக்கு உங்களுக்குச் சாதகமாகவே இருக்கிறது. கிழக்குக் கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம், விசைப்படகுகள் கட்டிக்கிடக்கும். துறைமுகம் ஓய்ந்திருக்கும், பெண்களுக்குக் கொஞ்சம் நேரமும் நிறைய கவலையும் இருக்கும். அப்போது கேமரா இல்லாமல் போங்கள். உட்கார்ந்து பேசுங்கள், அந்தத் தாளை அப்போதுதான் எழுத வேண்டும். தடை முடிந்து வெயில் இருக்கும் மாதங்களில் எடுங்கள். அக்டோபரில் வடகிழக்குப் பருவமழை பிடித்துக்கொண்டால் கருவாடு காயாது, உங்களுக்கும் வெளியே வேலை இருக்காது. டிசம்பர் வரை வெட்டி, காட்டி, கேட்டு, மறுபடி வெட்டுங்கள். அவர்கள் விடுபட்டதாகச் சொன்னதையெல்லாம் ஜனவரியிலிருந்து மார்ச்சுக்குள் போய் எடுத்துவிடலாம்.

ஆசிரியரிடம் வாதாட வேண்டாம். முதல் காட்சியைக் காட்டிவிட்டு, அந்தப் பெண்கள் சொன்னபிறகு திருத்தியதையும் பக்கத்தில் வைத்துக் காட்டுங்கள். தாளில் என்ன எழுதுவது என்று தடுமாறினால் எழுதியவரைக்கும் அனுப்புங்கள், படித்துவிட்டுச் சொல்கிறேன்.